வேதாகம வசனம் திடுக்கிட வைத்தால் இணைவசனத்தைத் தேடுங்கள்

தகப்பனையும் தாயையும் வெறுக்காவிட்டால் எனக்குச் சீஷனாயிருக்கமாட்டான் என்று லூக்கா 14:26-ல் இயேசு சொல்கிறார். முதல்முறை வாசிக்கும் யாருக்கும் தூக்கிவாரிப் போடும். அங்கேயே நின்றுவிடாமல் அதன் இணைவசனத்தை, அதாவது அதே கருத்து வேறிடத்தில் வரும் வசனத்தை, மத்தேயு 10:37-ல் பாருங்கள். அதே போதனை, ஆனால் அங்கே "என்னிலும் அதிகமாய் நேசிக்கிறவன்" என்று வருகிறது. ஆக, 'வெறுப்பது' என்பது மிகைப்பேச்சு, பெற்றோரைப் பகைக்கச் சொல்லவில்லை. யாருக்கு முதலிடம் என்று கேட்கிறார். இன்னும் சந்தேகமா? மாற்கு 7:9-13 பாருங்கள். காணிக்கையைச் சாக்காகச் சொல்லிப் பெற்றோரைக் கைவிடுகிறவர்களை அவரே கடிந்துகொள்கிறார். சிலுவையில் தொங்கும்போதும் தம் தாயைச் சீஷனிடம் ஒப்படைத்தார்.

இணைவசனமும் தெளிவுபடுத்தாத இடத்தில், கேட்டவர்கள் என்ன செய்தார்கள் என்று பாருங்கள். "உன் கை உனக்கு இடறல் உண்டாக்கினால் அதைத் தறித்துப்போடு" என்பதைக் கேட்ட எந்தச் சீஷனும் கையை வெட்டிக்கொண்டதாக வேதத்தில் இல்லை. சீஷனான பேதுரு, இயேசுவைத் தெரியாது என்று மூன்று தரம் மறுதலித்தார். மனங்கசந்து அழுதார், நாக்கை அறுத்துக்கொள்ளவில்லை.

வானத்தையளாவும் மதில்கள் (உபாகமம் 1:28), கண்ணீரால் நனைந்த படுக்கை (சங்கீதம் 6:6) எல்லாம் நமக்குப் பழக்கமான உயர்வு நவிற்சிதான், விளக்கமே வேண்டாம்.

ஒரு எச்சரிக்கை: நம்பக் கடினமானதையெல்லாம் மிகைப்பேச்சு என்று தள்ளிவிடாதீர்கள். இயேசுவின் உயிர்த்தெழுதலைப் பற்றி எழுதும்போது அப்போஸ்தலன் பவுல் சாட்சிகளை அடுக்குகிறார், உயிர்த்தெழுந்தவரைக் கண்ட ஐந்நூறுபேருக்கு அதிகமானோரில் பலர் அப்போது இன்னும் உயிரோடிருப்பதாகவும் சொல்கிறார் (1 கொரிந்தியர் 15:6). அது அணி அல்ல, சாட்சியம்.