வால்வு என்றால் எந்த வால்வு?

கிணற்று மோட்டாரிலும் வால்வு, இதயத்திலும் வால்வு. மூலமான லத்தீன் சொல் மடிப்புக் கதவின் ஒரு பலகையைக் குறித்தது. ஆனால் எல்லா வால்வும் ஒரே வேலை செய்வதில்லை.

பிளம்பிங்கில் கேட் வால்வு என்பது நாம் கையால் திருகித் திறந்து மூடுவது. கிணற்றுக்குள் இறங்கும் குழாயின் அடிமுனையில் மாட்டும் ஃபுட் வால்வும், தண்ணீரைத் திரும்ப விடாத என்.ஆர்.வி.யும் (நான்-ரிட்டர்ன் வால்வு) அப்படியல்ல. தண்ணீரின் அழுத்தமே அவற்றைத் திறக்கும், பின்னால் வந்தால் மூடும். என்.ஆர்.வி. வாங்கினால் அதன் உடம்பில் உள்ள அம்புக்குறியைப் பார்த்து மாட்டுங்கள். தலைகீழாக மாட்டிவிட்டு மோட்டாரைத் திட்டியவன் நான்.

இதயத்தின் நான்கு வால்வுகளும் இந்த இரண்டாவது ரகம்தான். தமிழில் வால்வுக்கு 'ஓரதர்' என்றொரு சொல் உண்டு. அதர் என்றால் வழி, அதாவது ஒருவழி. இதயத்துக்கு அச்சாகப் பொருந்துகிறது, கேட் வால்வுக்குத்தான் இடிக்கிறது. பழைய ரேடியோ வால்வுக்கும் அந்தப் பெயர் வந்தது இப்படித்தான்: 1904-இல் ஆங்கிலேயப் பொறியாளர் ஃபிளெமிங் செய்த முதல் வெற்றிடக் குழாய் மின்சாரத்தை ஒரு திசையில் மட்டும் விட்டது.

சரி, எக்கோ (இதய ஸ்கேன்) ரிப்போர்ட் படிப்பவர்களுக்கு ஒன்று. 'பைகஸ்பிட்' என்றால் ஈரிதழ். இதயத்தின் இடது மேலறைக்கும் கீழறைக்கும் நடுவில் உள்ள மைட்ரல் வால்வுக்கு இரண்டு இதழ்கள் இருப்பது இயல்பு. அதே சொல் 'அயோர்ட்டிக்' (இதயத்திலிருந்து பெருந்தமனி தொடங்கும் இடத்து வால்வு) என்பதோடு சேர்ந்து வந்தால், மூன்று இதழ்கள் இருக்கவேண்டிய இடத்தில் பிறவியிலேயே இரண்டுதான் என்று பொருள். அப்போது இதய மருத்துவரிடம் விளக்கம் கேளுங்கள்.