அயர்லாந்தின் மறைந்துவரும் கிராம வேலைகளைத் தனியாளாக ஆவணப்படம் எடுப்பது எப்படி?

மறைந்துவரும் ஒரு வேலையைப் படம்பிடித்தால், பிற்பாடு அந்தப் படத்தைப் பார்த்தே ஒருவர் அதைக் கற்றுக்கொள்ள முடிய வேண்டும். அழகான காட்சிகள் அப்புறம்தான். அயர்லாந்தில் கையால் டர்ஃப் வெட்டுவதையே எடுத்துக்கொள்வோம். சதுப்பு நிலத்தில் கட்டி கட்டியாக வெட்டி, காயவைத்து, கணப்பில் எரிக்கும் கரிமண்தான் டர்ஃப். இப்போது பெரும்பாலும் இயந்திரம்தான் வெட்டுகிறது.

முதலில் படியுங்கள். 1937 முதல் 1939 வரை பள்ளிப் பிள்ளைகள் ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிய வழக்கங்கள் டூகஸ் (duchas.ie) என்ற இணையதளத்தில் இலவசமாக இருக்கின்றன. ஊர்ப் பெயரைப் போட்டுத் தேடலாம். அதில் கண்ட ஒன்றைச் சொல்லி, “இது இன்னும் உண்டா?” என்று கேளுங்கள், பேச்சு தானாக வளரும்.

அடுத்து, கேமரா இல்லாமல் ஊருக்குப் போங்கள். டர்ஃப் அங்கே அரசியலும்கூட. 2022-இல் வந்த விதிமுறைகள் அதன் விற்பனையைக் கட்டுப்படுத்தின. பாதுகாக்கப்பட்ட சதுப்புகளில் வெட்டுவது பற்றிப் பல ஆண்டுகளாகத் தகராறு நடக்கிறது. கேமராவைக் கண்டு ஒருவர் தயங்கினால் அதில் நியாயம் இருக்கிறது. படத்தை எங்கே காட்டப்போகிறீர்கள் என்பதை எளிய சொற்களில் எழுதி, கையெழுத்து வாங்குங்கள். வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள்.

ஒரே பயணத்தில் இது முடியாது. வசந்தத்தில் வெட்டுவார்கள், பரப்பி ஓரளவு காய்ந்ததும் கட்டிகளைச் சாய்த்து நிறுத்துவார்கள், நன்றாகக் காய்ந்தபின் வீட்டுக்குக் கொண்டுபோவார்கள். மூன்றையும் எடுங்கள்.

சரி, படப்பிடிப்பு. நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் ஒரு நொடியில் 50-இல் ஒரு பங்கு. அங்குள்ள மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் வீட்டுக்குள் விளக்கு துடிக்காது. சதுப்பில் டிரைபாட் புதையும், கால்களுக்கு அடியில் பலகை வையுங்கள். வெட்டும் கருவியின் பெயர் ஷ்லான். அதன் அலகோடு பக்கவாட்டில் ஒரு சிறகு இருக்கும். ஒரே குத்தில் கட்டியின் இரண்டு பக்கமும் அறுபடுவது அதனால்தான். குத்தி, தூக்கி, எறிந்து, அடுத்தவர் அந்த ஈரக் கட்டியைப் பிடித்துப் பரப்பும்வரை கட் செய்யாமல் எடுங்கள். அதையே பலமுறை எடுங்கள்: முழு உருவம் தெரிய ஒருமுறை, கைப்பிடியில் கைகள் எங்கே இருக்கின்றன என்று ஒருமுறை, காலால் அழுத்துகிறாரா தோள் பலத்தால் தள்ளுகிறாரா என்று ஒருமுறை. இசை போட்டு மூடிவிடாதீர்கள். ஈர மண் அறுபடும் சத்தம் வேண்டும். காலர் மைக்குக்குக் காற்றுக் கவசம் கட்டாயம், மேற்குக் கடற்கரைக் காற்று லேசுப்பட்டதல்ல.

நாற்காலியில் உட்காரவைத்துப் பேட்டி எடுப்பதைவிட வேலைக்கு நடுவே கேட்பது நல்லது. “ஏன் இந்த இடத்தில் நிறுத்தினீர்கள்?” என்பது போன்ற கேள்விக்குத்தான் கையின் அறிவு வெளிவரும். கான்னமாரா போன்ற ஐரிஷ் பேசும் பகுதிகளில் அவர்கள் மொழியிலேயே பேசவிடுங்கள், சப்டைட்டில் போட்டுக்கொள்ளலாம்.

அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்கில் நகலெடுத்து, ஊர், தேதி, கருவியின் உள்ளூர்ப் பெயர் எல்லாவற்றையும் குறித்துவையுங்கள். வெட்டாத முழுப் பதிவில் ஒரு பிரதி அந்தக் குடும்பத்துக்கு. இன்னொன்றைப் பெற்றுக்கொள்வார்களா என்று டப்ளின் யுனிவர்சிட்டி காலேஜில் உள்ள தேசிய நாட்டார் வழக்காற்றுச் சேகரிப்புக்கு எழுதிக் கேளுங்கள்.