டாய்லட் கோப்பையின் அடியில் தண்ணீர் கசிந்தால்: உடைப்பதற்கு முன் பார்க்க வேண்டியவை

கோப்பையைச் சுற்றித் தரையில் தண்ணீர் நின்றால் பலரும் செய்வது ஒன்றுதான். ஹார்ட்வேர் கடைக்குப் போய் ஒரு சிலிகன் குழல் வாங்கி வந்து, கோப்பையின் அடியைச் சுற்றி இழுத்துவிடுகிறார்கள். கசிவு நிற்பதில்லை, கண்ணுக்குத் தெரியாமல் போகிறது, அவ்வளவுதான். வெளியே வர வழியில்லாத அழுக்குத் தண்ணீர் கோப்பைக்கு அடியிலேயே தேங்கி, டைலுக்குக் கீழே உள்ள சிமெந்தை ஊற வைக்கும். சில வாரங்களில் எவ்வளவு கழுவினாலும் போகாத நாற்றம் எழும். அதனால் சிலிகனைக் கடைசி வேலையாக வைத்துக்கொள்ளுங்கள்.

தண்ணீர் எங்கிருந்து கிளம்பினாலும் கடைசியில் வந்து நிற்பது தரையில்தான். ஃபிளஷ் தொட்டியின் போல்ட்டில் சொட்டினாலும், சுவர் வால்வில் சொட்டினாலும், அது பீங்கானை ஒட்டியே இறங்கி அடிப்பாகத்தில்தான் தெரியும். அடியில் ஈரம் இருக்கிறது என்பதற்காக அடி இணைப்புதான் கெட்டது என்று முடிவு கட்டிக் கோப்பையைப் பெயர்த்தால், பத்து ரிங்கிட் ரப்பரில் முடிந்திருக்க வேண்டிய வேலை பல நூறு ரிங்கிட்டுக்குப் போய்விடும்.

முதலில் தரை காய வேண்டும்

சுங்கை சிப்புட்டிலோ தெலுக் இந்தானிலோ பெஸ்தாரி ஜெயாவிலோ, தோட்டத்தை விட்டு வந்தவர்கள் வாங்கிய மலிவு விலை வீடுகளில் குளிப்பதும் துவைப்பதும் கழிப்பதும் பெரும்பாலும் ஒரே அறையில்தான். தரை நாள் முழுக்க ஈரமாகவே கிடக்கும். அந்த ஈரத்தில் கசிவைத் தேட முடியாது.

இரவு எல்லாரும் குளித்து முடித்த பிறகு தரையையும் கோப்பையின் வெளிப்புறத்தையும் துணியால் துடையுங்கள். காற்றாடியைக் கதவுக்கு வெளியே வைத்து அறையை நோக்கி ஒரு மணி நேரம் ஓட விடுங்கள். பிறகு கோப்பையைச் சுற்றி டிஷ்யூ அல்லது நாளிதழைப் பரப்புங்கள். சுவர் வால்வுக்குக் கீழேயும், தொட்டியின் அடியிலும், கோப்பையின் பின்புறமும் தனித்தனித் துண்டுகளாக வையுங்கள். ஃபிளஷ் செய்யாமல் இரவு முழுக்க விட்டுவிடுங்கள்.

காலையில் காகிதம் நனைந்திருந்தால், கசிவு எப்போதும் தண்ணீர் நிற்கும் இடத்தில் இருக்கிறது: வால்வு, இணைப்புக் குழாய், தொட்டி, கழுவப் பயன்படும் ஸ்பிரே குழாய், அல்லது விரிசல் விட்ட கோப்பை. காகிதம் காய்ந்தே இருந்து, ஃபிளஷ் செய்த பிறகு மட்டும் நனைந்தால், தொட்டியிலிருந்து கோப்பைக்கு வரும் வழியிலோ, கோப்பையிலிருந்து சாக்கடைக் குழாய்க்குப் போகும் வழியிலோ கோளாறு. இந்த ஒரு சோதனையே பாதிச் சந்தேகத்தைத் தீர்த்துவிடும்.

குளிர் நாட்டு வழிகாட்டிகளில் தொட்டியின் வெளிப்புறம் வியர்த்து நீர் சொட்டுவதை முதல் காரணமாகச் சொல்வார்கள். நம் ஊரில் கூரைத் தொட்டித் தண்ணீர் அறையின் வெப்பத்துக்கு அருகிலேயே இருப்பதால் அந்தச் சந்தேகத்தைத் தள்ளி வைக்கலாம்.

அடுத்தது வண்ணச் சோதனை. சமையலுக்குப் பயன்படும் சிவப்புக் கலரைத் தொட்டியில் ஒரு தேக்கரண்டி ஊற்றுங்கள். கோப்பையில் நிற்கும் தண்ணீரில் பச்சையோ நீலமோ ஊற்றுங்கள். அரை மணி நேரம் ஃபிளஷ் செய்யாதீர்கள். கோப்பைத் தண்ணீரில் சிவப்பு கலந்திருந்தால் தொட்டியின் உள் ரப்பர் விடுகிறது. அது தரைக்கு வராது, ஆனால் தண்ணீர்க் கட்டணத்தில் தெரியும். தரைக் காகிதத்தில் சிவப்பு வந்தால் தொட்டிப் பக்கம். பச்சை வந்தால் கோப்பையில் விரிசல். நிறமே இல்லாமல் நனைந்தால் வால்வு, இணைப்புக் குழாய், ஸ்பிரே இந்த மூன்றில் ஒன்று. ஒன்றும் வரவில்லையென்றால் ஃபிளஷ் செய்து பாருங்கள்.

மேலிருந்து வரும் கசிவுகள்

ஸ்பிரே குழாயை முதலில் பாருங்கள். கைப்பிடியை விட்டால் தண்ணீர் நிற்கிறது என்பதால் சுவர் வால்வை யாரும் மூடுவதில்லை. குழாய் இரவும் பகலும் அழுத்தத்தில் இருக்கிறது, உள்ளே உள்ள ரப்பர் வெடித்துச் சொட்டுகிறது. வால்வை மூடி ஓர் இரவு காகிதம் வைத்துப் பாருங்கள். சொட்டு நின்றால் குழாயை மாற்றுங்கள்.

ஆங்கிள் வால்விலும் (தொட்டிக்குத் தண்ணீர் விடும் சுவர் வால்வு) அரை அங்குல இணைப்புக் குழாயிலும் சொட்டினால், மூட்டைக் கழற்றி ரப்பர் வாஷரை மாற்றுங்கள். வால்வு சுவரில் நுழையும் இடத்தில் வெள்ளை டேப்பைப் புரி போகும் திசையில் 10 முதல் 15 சுற்று சுற்ற வேண்டும். எதிர்த் திசையில் சுற்றினால் முறுக்கும்போது டேப் உரிந்து வந்துவிடும். இணைப்புக் குழாயின் இரு முனையிலும் ரப்பர் வாஷர் இருப்பதால் அங்கே டேப் தேவையில்லை. தண்ணீர்த் தடை முடிந்து குழாயில் தண்ணீர் திரும்பும் நாளில் இந்த மூட்டுகளைக் கையால் தடவிப் பார்ப்பது நல்லது. அழுத்தம் திடீரென ஏறுவதும், கூடவே வரும் மண்ணும் பழைய வாஷர்களைக் கெடுக்கும்.

பீங்கான் தொட்டி கோப்பையின் மேல் உட்கார்ந்திருந்தால், இரண்டு போல்ட்டுகளும் நடுவில் ஒரு தடித்த ரப்பர் வளையமும் இருக்கும். போல்ட் வாஷர் கெட்டால் எப்போதும் சொட்டும், வளையம் கெட்டால் ஃபிளஷ் செய்யும்போது மட்டும் வழியும். தொட்டியைக் கழற்றும் அளவுக்குப் போய்விட்டால் மூன்றையும் சேர்த்தே மாற்றிவிடுங்கள். முறுக்கும்போது ஒரு பக்கம் அரைச் சுற்று, மறு பக்கம் அரைச் சுற்று என்று மாற்றி மாற்றிப் போங்கள். ஒரே பக்கமாக இறுக்கினால் பீங்கான் விண்டுவிடும்.

மலிவு விலை வீடுகளில் அதிகம் இருப்பது வேறு வகை. சுவரில் மாட்டிய பிளாஸ்டிக் தொட்டி, அதிலிருந்து கோப்பையின் பின்புறம் இறங்கும் வெள்ளைக் குழாய். அந்தக் குழாய் கோப்பைக்குள் நுழையும் இடத்தில் ஒரு ரப்பர்க் கூம்பு இருக்கும். அடியில் கசிகிறது என்று சொல்லப்படும் பல வீடுகளில் உண்மையான குற்றவாளி இந்தக் கூம்புதான். வெடித்த ரப்பரின் வழியாக, ஒவ்வொரு ஃபிளஷுக்கும் தண்ணீர் கோப்பையின் பின்பக்கமாக இறங்கும். அங்கே யாரும் குனிந்து பார்ப்பதில்லை. ஒருவர் ஃபிளஷ் செய்ய, இன்னொருவர் கைபேசி விளக்கைப் பின்புறம் பிடித்துப் பார்த்தால் தெரிந்துவிடும். புதுக் கூம்பு வாங்கப் போகும்போது பழையதைக் கையோடு கொண்டு போங்கள், அளவு பல வகை. குழாய் கூம்புக்குள் நேராக நுழைய வேண்டும். சாய்ந்திருந்தால் சுவரில் தொட்டியின் திருகைத் தளர்த்தி நேராக்குங்கள், இல்லையென்றால் புது ரப்பரும் சில மாதத்தில் கிழியும்.

உண்மையிலேயே அடி இணைப்பு என்றால்

ஃபிளஷ் செய்ததும் அடியில் நிறத் தண்ணீர், கூடவே நாற்றம், டைல் இடுக்கில் பழுப்புக் கறை, உட்கார்ந்தால் கோப்பை லேசாக ஆட்டம். இவை சேர்ந்து வந்தால் அடி இணைப்பு போய்விட்டது. கோப்பையின் வெளிக்குழாய் தரைக்குள் இறங்கும் எஸ் டிராப் வகைக்கே இது பொருந்தும். சுவருக்குள் போகும் பி டிராப் வகையில் பின்புற ரப்பர்க் காலரை மாற்றினால் போதும்.

ஏன் கெடுகிறது? பழைய வேலைகளில் கோப்பைக்கும் தரைக் குழாய்க்கும் நடுவே வளையமே வைக்காமல், கோப்பையைச் சிமெந்தில் உட்கார வைத்து, குழாய் வாயையும் சிமெந்தாலேயே அடைத்திருப்பார்கள். கறை போக ஊற்றும் ஆசிட் அந்தச் சிமெந்தைச் சிறிது சிறிதாகத் தின்றுவிடும். இரண்டாவது காரணம், பழைய டைலை உடைக்காமல் அதன் மேலேயே புது டைல் ஒட்டுவது. தரை ஒரு சென்டிமீட்டருக்கு மேல் உயர்கிறது, குழாய் வாய் அதே பழைய உயரத்தில் பள்ளத்தில் கிடக்கிறது, வளையம் எட்டுவதில்லை. மூன்றாவது, பொருந்தாத கோப்பை. சுவரிலிருந்து குழாயின் நடுவுக்கு உள்ள தூரம் வீட்டுக்கு வீடு மாறும். 150, 200, 250, 300 மில்லிமீட்டர் ஆகியவை வழக்கமான அளவுகள். அளக்காமல் கோப்பை வாங்கி, இழுத்துப் பொருத்தினால் வாயும் வாயும் பாதிதான் சேரும்.

வாங்க வேண்டியவை: 4 அங்குலக் குழாய்க்கு ஏற்ற மெழுகு வளையம் அல்லது ரப்பர் வளையம், துருப்பிடிக்காத திருகுகளும் பிளாஸ்டிக் வாஷர்களும், பூஞ்சை பிடிக்காத குளியலறை சிலிகன், நீண்ட கையுறை. குழாய் வாய் டைலுக்குக் கீழே இருந்தால் தடித்த வளையமோ குழாய் நீட்டிப்புத் துண்டோ வேண்டும். இரண்டு மெல்லிய வளையங்களை ஒன்றன்மேல் ஒன்று அடுக்குவதை நாங்கள் பரிந்துரைப்பதில்லை, நடுவில் நழுவும்.

ஆங்கிள் வால்வை மூடி, ஃபிளஷ் செய்து, தொட்டியில் மிஞ்சியதைப் பஞ்சால் உறிஞ்சி எடுங்கள். கோப்பைத் தண்ணீரைப் பழைய குவளையால் மொண்டு வாளியில் ஊற்றுங்கள். இணைப்புக் குழாயையும், தொட்டி தனியாக இருந்தால் அதையும் கழற்றி வையுங்கள். அடியில் சிலிகன் இருந்தால் கத்தியால் அறுக்கலாம். வெள்ளைச் சிமெந்து இருந்தால் தட்டை உளியைத் தரையை ஒட்டிச் சாய்த்துப் பிடித்து, சிறு சுத்தியலால் மெல்லத் தட்டிச் சுற்றி வாருங்கள். அவசரம் இங்கேதான் கோப்பையை உடைக்கும். முழுக்கச் சிமெந்தில் புதைத்த கோப்பை முழுசாக வரும் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது, அதற்கு மனத்தைத் தயார் செய்துகொண்டே தொடங்குங்கள்.

பிடி தளர்ந்ததும் இருவராகத் தூக்கி, பழைய சாக்கின் மேல் படுக்க வையுங்கள். தொட்டியும் கோப்பையும் ஒன்றாக வார்த்த வகையைத் தனியாளாகத் தூக்கவே கூடாது. உடனே குழாய் வாயில் பழந்துணியைத் திணியுங்கள். சாக்கடை வாயுவும் வராது, சிமெந்துத் துண்டும் உள்ளே விழாது. துணியின் ஒரு முனை வெளியே நீண்டு தெரியட்டும்.

பழைய மெழுகு, சிமெந்து அனைத்தையும் சுரண்டிக் குழாய் விளிம்பையும் கோப்பையின் அடிவாயையும் சுத்தமாக்கிக் காய விடுங்கள். குளோராக்ஸ் (பிளீச்) தெளித்துக் கழுவலாம். அதற்கு முன்போ பின்போ ஆசிட் கழுவியைச் சேர்க்காதீர்கள், இரண்டும் கலந்தால் குளோரின் வாயு கிளம்பும். சிறிய குளியலறையில் அது மூச்சையே அடைக்கும். கோப்பையின் அடியில் மயிரிழை விரிசல் இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள். இருந்தால் பசை போட்டு ஒட்டாதீர்கள், கோப்பையை மாற்றுங்கள்.

வளையத்தைக் கோப்பையின் அடிவாயில் பொருத்தி, துணியை உருவிவிட்டு, நேராக மேலிருந்து கீழே இறக்குங்கள். திருகுத் துளைகளைப் பென்சிலால் முன்பே தரையில் குறித்து வைத்தால் தடுமாற்றம் இராது. உட்கார்ந்து உடல் எடையால் அழுத்துங்கள். ஆட்டவோ திருப்பவோ வேண்டாம். ஒரு முறை அழுத்திய மெழுகு வளையத்தைத் தூக்கினால் அது வீண், புதியதுதான் வைக்க வேண்டும். தரை சமமில்லாமல் ஆடினால் பிளாஸ்டிக் ஆப்பு வைத்து ஆட்டத்தை நிறுத்திய பிறகே திருகை முடுக்குங்கள். திருகுகளை மாற்றி மாற்றி, பிடி கிடைக்கும் வரை மட்டும்.

திருகுத் துளை இல்லாத பழைய கோப்பையைச் சிமெந்தில்தான் உட்கார வைக்க வேண்டியிருக்கும். ஒரு பங்கு சிமெந்துக்கு நாலு பங்கு மணல் போதும். கெட்டியான கலவை போட்டால் அடுத்த முறை கோப்பையை உடைத்துத்தான் எடுக்க முடியும். கலவை குழாய் வாய்க்கு அருகில் வராமல் விளிம்பில் மட்டும் இருக்கட்டும். ஒரு நாள் முழுக்க யாரும் உட்காரக் கூடாது.

தண்ணீரைத் திறந்து, அடியைச் சுற்றிக் காய்ந்த டிஷ்யூ வைத்து, ஐந்தாறு முறை ஃபிளஷ் செய்யுங்கள். மறுநாளும் காகிதம் காய்ந்தே இருந்தால்தான் சிலிகன். பின்பக்கத்தில் இரு விரல் அகலத்துக்குப் பூசாமல் விடுங்கள். என்றாவது வளையம் விட்டால் தண்ணீர் அந்த வழியாக வெளியே வந்து காட்டிக் கொடுக்கும். சிலிகன் மேல் 24 மணி நேரம் தண்ணீர் படக்கூடாது.

இன்னும் சில

குந்தி உட்காரும் கோப்பையில் சிமெந்து இணைப்புதான். சுற்று டைல் இடுக்கைச் சுரண்டி நீர்புகாப் பூச்சு அடைத்தும் கசிந்தால், தரையை உடைக்காமல் வழியில்லை.

புது வளையம் வைத்தும் மறுபடி அடியில் தண்ணீர் வந்து, ஃபிளஷ் மெதுவாக இறங்கி, தரைச் சாக்கடை வாயில் குமிழி விட்டால் கோப்பையைக் குறை சொல்லாதீர்கள். செப்டிக் தொட்டி நிரம்பியிருக்கும், அல்லது வேர் புகுந்து குழாய் அடைத்திருக்கும். இரண்டு ஆண்டுக்கு ஒரு முறை தொட்டியை உறிஞ்சிச் சுத்தம் செய்ய வேண்டும் என்பது மலேசியாவின் கழிவுநீர் நிறுவனமான இண்டா வாட்டர் சொல்லும் கணக்கு. வீட்டுக்குப் பின்னால் தொட்டியை ஒட்டி வாழையோ மாமரமோ நட்டிருந்தால் வேரையும் பாருங்கள்.

அடுக்குமாடியில் குடியிருந்து, மேல்வீட்டுக் கழிவறைத் தண்ணீர் உங்கள் கூரையில் இறங்கினால் நிர்வாகத்துக்கு எழுத்து மூலம் தெரிவியுங்கள். 2015 ஸ்ட்ராத்தா (அடுக்குமாடி) நிர்வாக விதிகளின்படி அறிவிப்புக் கிடைத்த 7 நாளுக்குள் அவர்கள் வந்து பார்க்க வேண்டும், பிறகு படிவம் 28இல் காரணத்தை எழுதித் தர வேண்டும். வேறு காரணம் நிரூபிக்கப்படும் வரை, கோளாறு மேல்வீட்டில்தான் என்று கொள்ளப்படும். கறை படிந்த கூரையைத் தேதியோடு படம் எடுத்து அந்தக் கடிதத்தோடு சேர்த்துவிடுங்கள்.