காசு கட்டும் முன் கேமரா யாருடையது என்று பாருங்கள்

இரண்டாம் உலகப்போர், நிலாப் பயணம் மாதிரியான பழைய காட்சிகளைப் பயன்படுத்த, அவற்றை விற்கும் ஏஜென்சியிடம் உரிமத்தொகை கட்டும் முன், படம்பிடித்தது யார் என்று பாருங்கள். அமெரிக்க ராணுவமோ நாசாவோ என்றால், அதே காட்சியை அந்நாட்டுத் தேசிய ஆவணக்காப்பகத்தின் இணையப் பட்டியலில் முதலில் தேடுங்கள். கூட்டரசு (அமெரிக்க மத்திய அரசு) ஊழியர்கள் பணியின் பகுதியாக எடுத்த படத்துக்கு அமெரிக்கச் சட்டப்படி அங்கே காப்புரிமை (காப்பிரைட்) கிடையாது. ஏஜென்சி வாங்கும் காசு பெரும்பாலும் தேடித் தந்ததற்கும் நல்ல ஸ்கேனுக்கும்தான். அவசர வேலைக்கு அதுவும் நியாயமே.

பின்னணி இசைக்கும், வெளியார் எடுத்துக் கொடுத்த படத்துக்கும் இது பொருந்தாது. இந்திய அரசின் ஆவணப்படப் பிரிவாக இருந்த நம்மூர் ஃபிலிம்ஸ் டிவிஷனின் படங்களை இந்தக் கணக்கில் சேர்த்துவிடாதீர்கள்: இந்தியச் சட்டத்தில் அரசுப் படைப்புக்கு 60 ஆண்டு காப்புரிமை உண்டு.