ஹை ரெஃப்ரெஷ் ரேட் கேமிங் மானிட்டரை எடை போடுறப்போ தவிர்க்க வேண்டிய தவறுகள்

கேமிங் மானிட்டர் டப்பாவுல போட்டிருக்கிற நம்பர்ல பாதிக்கு மேல பொய் கிடையாது, ஆனா ஒவ்வொரு நம்பரும் ஒவ்வொரு செட்டிங்ல எடுத்தது. 1 மில்லிசெகண்ட் ரெஸ்பான்ஸ் டைம் ஒரு மோட்ல, 1000 நிட்ஸ் பிரைட்னஸ் இன்னொரு மோட்ல, கலர் துல்லியம் மூணாவதா ஒரு மோட்ல. நீங்க விளையாடுறது ஏதோ ஒரே ஒரு செட்டிங்ல தான், அந்த ஒரு செட்டிங்ல இதுல எதெல்லாம் சேர்ந்து கிடைக்குதுன்னு பாக்கணும். இதை விட்டுட்டு தனித்தனி நம்பரா பாக்குறதுல தான் நிறைய பேர் ஏமாறுறாங்க.

முதல்ல ரொம்ப சிம்பிளான ஒண்ணு. மானிட்டரை மாட்டிட்டு விளையாடிப் பாத்துட்டு பழசுக்கும் புதுசுக்கும் பெருசா வித்தியாசம் இல்லன்னு சொல்றவங்கள்ல நிறைய பேரோடது 60 ஹெர்ட்ஸ்லயே (செகண்டுக்கு 60 தடவை படம் மாறுற வேகம்) ஓடிட்டு இருக்கும். விண்டோஸ்ல செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, அட்வான்ஸ்டு டிஸ்ப்ளே வரைக்கும் போய் ரெஃப்ரெஷ் ரேட்டை நீங்களே மாத்தணும், சில கேம்ல உள்ள வேற தனியா ஒரு செட்டிங் இருக்கும் அதையும் பாருங்க. கேபிள் கிராபிக்ஸ் கார்டுல மாட்டியிருக்கா, இல்ல மதர்போர்டு போர்ட்ல மாட்டியிருக்கான்னும் பாத்துடுங்க, கார்டுல தான் இருக்கணும். ஹெச்டிஎம்ஐ 2.0 வழியா 4கே-ல முழு கலரோட 60 ஹெர்ட்ஸ் தான் போகும். சரி, 2.1-னு போட்டிருந்தா போதுமான்னா அதுவும் போதாது, ஏன்னா 2.1-ல உள்ள பெரிய வசதிகள் எல்லாமே ஆப்ஷனல், பழைய 2.0 வேகத்துல ஓடுற போர்ட்டுக்கும் 2.1-னு பேர் போட விதியில இடம் இருக்கு. அதனால பேரைப் பாக்காதீங்க, அந்த போர்ட்ல எந்த ரெசொல்யூஷன்ல எத்தனை ஹெர்ட்ஸ் வரும்னு ஸ்பெக் பக்கத்துலயோ மேனுவல்லயோ தேடிப் பாருங்க.

அடுத்து ஹெர்ட்ஸ் கணக்கு. 60 ஹெர்ட்ஸ்ல ஒரு ஃப்ரேம் 16.7 மில்லிசெகண்ட் நிக்கும், 144-ல 6.9, 240-ல 4.2, 360-ல 2.8. அதாவது 60-ல இருந்து 144 போனா கிட்டத்தட்ட 10 மில்லிசெகண்ட் குறையுது, 240-ல இருந்து 360 போனா குறையறது 1.4 தான். நம்பர் பெருசாகப் பெருசாக கண்ணுக்குத் தெரியற லாபம் சுருங்கிட்டே வரும். அதுக்காக 240 வேஸ்ட்னு சொல்லல, வேகமான ஷூட்டர் கேம்ல எதிராளியை கண்ணால பின்தொடரும்போது ப்ளர் நல்லாவே குறையும். ஒரு பொருள் செகண்டுக்கு 960 பிக்சல் வேகத்துல நகருதுன்னா 60 ஹெர்ட்ஸ்ல சுமார் 16 பிக்சல் அகலத்துக்கு கலங்கும், 240-ல 4 பிக்சல் தான். ஆனா உங்க கார்டு அந்த கேம்ல செகண்டுக்கு 90 ஃப்ரேம் தான் தருதுன்னா இந்த 4 பிக்சல் கணக்கு உங்களுக்கு கிடையாது.

இப்போ அந்த 1 மில்லிசெகண்ட். இங்க தான் குழப்பம் ஜாஸ்தி, கொஞ்சம் பொறுமையா பாக்கலாம். டப்பாவுல ரெண்டு விதமான 1 மில்லிசெகண்ட் இருக்கு. ஒண்ணு ஜிடிஜி, ஒரு சாம்பல் நிறத்துல இருந்து இன்னொரு சாம்பல் நிறத்துக்கு பிக்சல் மாற எடுக்கிற நேரம். இன்னொண்ணு எம்பிஆர்டி, படம் கண்ணுக்கு எவ்ளோ நேரம் தெரியுதுங்கிற கணக்கு, இது பெரும்பாலும் பேக்லைட்டை அணைச்சு அணைச்சு எரிய விட்டு எடுத்தது. அந்த ஸ்ட்ரோபிங் மோடை போட்டா பிரைட்னஸ் இறங்கும், நிறைய மானிட்டர்ல ஃப்ரீசிங்க், ஜி-சிங்க் (கார்டு தர்ற ஃப்ரேமுக்கு ஏத்த மாதிரி ரெஃப்ரெஷ் ரேட்டை மாத்துற விஆர்ஆர் வசதிகள்) ரெண்டும் வேலை செய்யாது, சிலருக்கு கண் வலியும் வரும். ஜிடிஜி நம்பரும் அப்படியே நம்புற மாதிரி இல்ல, நூத்துக்கணக்கான நிற மாற்றங்கள்ல ரொம்ப வேகமான ஒண்ணை எடுத்து, ஓவர்டிரைவை (பிக்சலை வேகமா மாற வைக்கிற செட்டிங்) உச்சத்துல வச்சு அளந்தா கூட 1-னு எழுதிடலாம். அந்த உச்ச செட்டிங்ல விளையாடிப் பாருங்க, நகர்ற பொருளுக்குப் பின்னாடி வெள்ளையா ஒரு ஒளிவட்டம் ஓடும், அதான் ஓவர்ஷூட், என்னைக் கேட்டா லேசான கோஸ்டிங்கை (பிக்சல் மெதுவா மாறுறதால பின்னாடி வர்ற நிழல்) விட அது தான் கண்ணை உறுத்தும். அதனால ஓவர்டிரைவ் மெனுல கடைசில இருக்கிற 'எக்ஸ்ட்ரீம்' மாதிரி ஆப்ஷனைத் தொடாதீங்க, நடுவுல உள்ளதுல இருந்து ஆரம்பிங்க.

இதுல நிறைய ரிவ்யூலயே விட்டுப் போற விஷயம் ஒண்ணு இருக்கு. 240 ஹெர்ட்ஸ்ல அழகா இருக்கிற ஓவர்டிரைவ் செட்டிங், ஃப்ரேம் 80-க்கு இறங்கினதும் அதே அளவு அழகா இருக்காது. விஆர்ஆர் போட்டா ஃப்ரேமோட சேர்ந்து ரெஃப்ரெஷ் ரேட்டும் கீழ இறங்கும், ஓவர்டிரைவ் அதுக்கு ஏத்த மாதிரி மாறலன்னா அங்க ஓவர்ஷூட் வெளிய வந்துடும். சில மானிட்டர்ல வேரியபிள் ஓவர்டிரைவ் இருக்கும், இதைத் தானே சரி பண்ணிக்கும், பல மானிட்டர்ல இருக்காது. அதனால டெஸ்ட் பண்ணா உச்ச ரேட்ல மட்டும் பாக்காம 60, 100, 144-னு இறக்கி இறக்கிப் பாருங்க, முக்கியமா நீங்க நிஜமா விளையாடுற ஃப்ரேம் எந்த அளவுல இருக்கோ அங்க பாருங்க.

விஏ பேனல்னா (எல்சிடி-ல ஒரு வகை) இன்னொரு செக்கும் சேர்த்துக்கோங்க. கருப்புல இருந்து அடர் சாம்பலுக்கு மாற சில விஏ பேனல் 20 மில்லிசெகண்டுக்கு மேலயும் எடுக்கும், 144 ஹெர்ட்ஸ்ல அது மூணு ஃப்ரேம் நேரம், இருட்டு சீன்ல கேமராவைத் திருப்பினா கருப்பா இழுவும். பகல் வெளிச்ச மேப்ல மட்டும் விளையாடிப் பாத்தா இது கண்ல படவே படாது.

யூடியூப் வீடியோ பாத்து மோஷனை முடிவு பண்றதும் தப்பு தான், வீடியோ அதிகபட்சம் 60 ஃப்ரேம், அதையும் உங்க பழைய ஸ்க்ரீன்ல தான் பாக்குறீங்க. மோஷன் டெஸ்ட் பண்ற டெஸ்ட்யூஎஃப்ஓ வெப்சைட்ல நகர்ற பறக்கும் தட்டை கண்ணாலயே பின்தொடர்ந்து பாருங்க. போனை அசையாம வச்சு ஃபோட்டோ எடுத்தா உங்க கண் பாக்குற ப்ளர் அதுல வராது, கேமராவும் அந்த தட்டு போற வேகத்துலயே கூட நகரணும்.

விஆர்ஆர்ல ரேஞ்ச் என்னன்னு கேக்காம விடுறாங்க. 48-ல இருந்து 144-னு இருந்தா நல்லது, ஏன்னா மேல் எல்லை கீழ் எல்லையை மாதிரி ரெண்டு மடங்குக்கு மேல இருந்தா ஃப்ரேம் 48-க்கு கீழ போனாலும் ஒரே ஃப்ரேமை ரெண்டு தடவை காட்டி சமாளிச்சுடும். விஏ-லயும் ஓஎல்இடி-லயும் (பேக்லைட் இல்லாம ஒவ்வொரு பிக்சலும் தானே எரியற பேனல்) ஃப்ரேம் ரேட் சட்டுனு ஏறி இறங்குறப்போ வெளிச்சம் மினுக்குறது உண்டு, கேம் லோடிங் ஸ்க்ரீன்லயும் இருட்டு மெனுலயும் அதைத் தேடிப் பாருங்க. விஆர்ஆர் ரேஞ்சுக்குள்ளயே நிக்க ஃப்ரேம் லிமிட்டை மானிட்டர் உச்சத்துக்கு மூணு நாலு கீழ வச்சுக்கோங்க, 144-னா 140.

ஹெச்டிஆர் (வெளிச்சத்துக்கும் இருட்டுக்கும் அதிக வித்தியாசத்தோட காட்டுற வசதி) பத்தி கறாரா ஒண்ணு சொல்றேன், டிஸ்ப்ளேஹெச்டிஆர் 400 ஸ்டிக்கரைப் பாத்து சாதாரண எல்சிடி மானிட்டரை வாங்காதீங்க. அதுக்கு உச்ச பிரைட்னஸ் 400 நிட்ஸ் வேணும், ஆனா லோக்கல் டிம்மிங் (பேக்லைட்டை பகுதி பகுதியா மங்க வைக்கிறது) கட்டாயம் கிடையாது, அது இல்லாம வெளிச்சமான இடத்தைத் தூக்கினா கருப்பும் கூடவே வெளுத்துப் போகும். ட்ரூ பிளாக் 400-ங்கிறது வேற, அது ஓஎல்இடி மாதிரி நிஜக் கருப்பு தர்ற பேனலுக்கு, ரெண்டையும் குழப்பிக்காதீங்க. ஓஎல்இடி-லயும் 1000 நிட்ஸ்னு போட்டிருந்தா அது ஸ்க்ரீன்ல ஒரு சின்ன மூலை அளவுக்கு மட்டும் தான், முழு ஸ்க்ரீனும் வெள்ளையா இருந்தா பல மாடல்ல 250 நிட்ஸ் பக்கத்துல இறங்கிடும், வெயில் அடிக்கிற ரூம்ல வச்சா தெரியும்.

கலர்ல நடக்கிற தப்பு, முதல் பார்வையில பளிச்சுனு இருக்கிறதை நல்ல கலர்னு நினைக்கிறது. வைட் கேமட் (அதிக நிறங்களைக் காட்டுற) மானிட்டர்ல சாதாரண எஸ்ஆர்ஜிபி (வழக்கமான கலர் அளவு) படத்தை அப்படியே காட்டினா முகம் எல்லாம் செக்கச்செவேல்னு ஆயிடும். எஸ்ஆர்ஜிபி மோட் இருக்கா, அதுல பிரைட்னஸை ஏத்தி இறக்க விடுதான்னு பாருங்க, சில மாடல்ல பூட்டி வச்சிருப்பாங்க, அப்போ அந்த மோட் இருந்தும் பெருசா பிரயோஜனம் இல்ல. மானிட்டரை ஆன் பண்ணி ஒரு அரை மணி நேரம் ஓட விட்டுட்டு அப்புறம் கலரைப் பாருங்க. கான்ட்ராஸ்ட் கோடிக் கணக்குல போட்டிருந்தா அது டைனமிக் கான்ட்ராஸ்ட், கண்டுக்க வேணாம், எல்சிடி-ல இன்னொரு வகையான ஐபிஎஸ்னா 1000:1 பக்கத்துல, விஏ-னா 3000:1 பக்கத்துல இருக்கும், அது தான் எதிர்பார்க்க வேண்டியது.

ஐபிஎஸ்ல ஓரத்துல வெளிச்சம் கசியுதுன்னு இருட்டு ரூம்ல போன்ல ஃபோட்டோ எடுத்து பயப்படுறாங்க, போன் எக்ஸ்போஷரை ஏத்தி இல்லாததையும் பெருசாக்கிக் காட்டும். நீங்க வழக்கமா உக்கார்ற தூரத்துல, வழக்கமான பிரைட்னஸ்ல, தலையைக் கொஞ்சம் நகர்த்திப் பாருங்க. தலை நகர நகர மாறினா அது ஐபிஎஸ் க்ளோ, எல்லா ஐபிஎஸ்லயும் இருக்கும், மாத்திக் கொடுத்தாலும் வரும். நகராம ஒரே இடத்துல திட்டா நின்னா தான் பேக்லைட் ப்ளீட், அது யூனிட்டுக்கு யூனிட் மாறும், மாத்திக் கேக்கலாம்.

எழுத்தையும் மறந்துடாதீங்க, கேம் இல்லாத நேரம் எல்லாம் பிரவுசர் தானே. 27 இன்ச்ல 1080பி-னா ஒரு இன்ச்சுக்கு 82 பிக்சல் தான் வரும், எழுத்து சொரசொரன்னு இருக்கும், அதே அளவுல 1440பி-னா 109. ஓஎல்இடி-ல சப்பிக்சல் (பிக்சலுக்குள்ள இருக்கிற தனித்தனி கலர் புள்ளிகள்) அமைப்பு வேறங்கிறதால எழுத்தோட ஓரத்துல லேசா கலர் தெரியலாம், நாள் முழுக்க ப்ரோகிராம் கோடோ டாகுமென்டோ பாக்குறவங்க வாங்குறதுக்கு முன்னாடி ஒரு தடவை நேர்ல பாத்துடுறது நல்லது.

ரிட்டர்ன் காலம் முடியறதுக்குள்ள சிவப்பு, பச்சை, நீலம், வெள்ளை, கருப்புனு முழு ஸ்க்ரீனுக்கும் ஒவ்வொரு கலரா போட்டு செத்த பிக்சல் தேடுங்க, அடுத்து அடர் சாம்பல் போட்டு அழுக்கு மாதிரி திட்டு தெரியுதான்னு பாருங்க. டப்பாவையும் தெர்மகோலையும் அது வரைக்கும் தூக்கிப் போட வேணாம்.