மாமியாரோடு சாமியார் படம் பார்ப்பது எப்படி

முதலில் நாளைப் பாருங்கள். செவ்வாய், வெள்ளி, கிருத்திகை வேண்டாம். விரத நாளில் எங்கள் அத்தை எந்த ஜோக்குக்கும் சிரிக்க மாட்டார். ஞாயிறு மதியம், சாப்பாட்டுக்கு அப்புறம் உத்தமம்.

தொடக்கம் சத்யஜித் ராயின் ‘மகாபுருஷ்’ (1965). சின்ன வங்காளப் படம்தான். இதில் அடி வாங்குவது சாமியார், சாமி இல்லை. அதனால்தான் இது முதலில். பிரிஞ்சி பாபா ரயிலில் போகும்போதே சூரியனை அதட்டி எழுப்புவார். பிளேட்டோவோடு வாதம் செய்தேன் என்பார், ஐன்ஸ்டைனுக்குச் சமன்பாடு சொல்லிக்கொடுத்தேன் என்பார். இரண்டு ஆள்காட்டி விரல்களையும் ஒரே சமயத்தில் எதிரெதிர்த் திசையில் சுழற்றுவார். ஒன்று இறந்தகாலம், மற்றது எதிர்காலமாம். அங்கே படத்தை நிறுத்திவிட்டு, எல்லோரையும் சுழற்றிப் பார்க்கச் சொல்லுங்கள். லேசில் வராது. வீடே சிரித்து முடிப்பதற்குள் அத்தை நம் கட்சிக்கு வந்திருப்பார். சப்டைட்டில் படிக்கச் சிரமப்படுபவர் என்றால் பாபா பேச்சை மட்டும் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லுங்கள், போதும்.

அடுத்தது ‘ஓ மை காட்’ (2012). நிலநடுக்கத்தில் சிலைக்கடை இடிகிறது. கடவுளின் செயலுக்கு இன்சூரன்ஸ் பணம் தர முடியாது என்று கைவிரிக்கிறார்கள். கடைக்காரர் கடவுள் மேலேயே வழக்குப் போடுகிறார். க்ளெய்ம் ஃபார்மோடு அலைந்தவர்களுக்கு விளக்கமே வேண்டாம். ‘பிகே’யை (2014) இதற்கு முன்னால் போடாதீர்கள். சிவன் வேஷக்காரரைத் துரத்தும் காட்சியில் முகங்கள் சுருங்கும்.

இதற்குள் கேள்வி வந்துவிடும்: “நம்ம சாமின்னா இளக்காரம். மத்தவங்க சாமியைத் தொடச் சொல்லு பார்ப்போம்!” நியாயமான கேள்வி, மழுப்பாதீர்கள். ‘லைஃப் ஆஃப் பிரையன்’ (1979) போடுங்கள். ஏசு பிறந்த அதே இரவில் பக்கத்துத் தொழுவத்தில் பிறந்த அப்பாவியை, மீட்பர் என்று ஊரே துரத்துகிறது. ஏசுவை அதில் யாரும் கேலி செய்யவில்லை. மலைப்பிரசங்கத்தில் பின்னால் நிற்பவர்களுக்குக் காது சரியாகக் கேட்கவில்லை, அவ்வளவுதான். அப்படியும் நார்வேயில் தடை போட்டார்கள். ‘நார்வேயே தடை செய்யும் அளவுக்குச் சிரிப்பு’ என்று ஸ்வீடனில் விளம்பரம் செய்தார்கள். பிரையன் காலையில் ஜன்னலைத் திறக்கும் இடத்தில் ஆடை இருக்காது. ரிமோட் கையில் இருக்கட்டும்.

பிரையன் கையிலிருந்த சுரைக்குடுக்கையை விட்டு ஓட, ஒற்றைச் செருப்பும் கழன்றதும், செருப்புக் கட்சி, சுரைக்குடுக்கைக் கட்சி என்று பக்தர்கள் பிரிகிறார்கள். அங்கே வாயைத் திறக்காதீர்கள். காஞ்சிபுரத்துக்காரரான அத்தையே சொல்லிவிட்டார்: “கோயில் யானைக்கு வடகலை நாமமா தென்கலை நாமமான்னு அடிச்சிக்கிட்ட கதைதானே இது!”

‘மூக்குத்தி அம்மன்’ (2020) ஏன் இல்லை என்று கேட்பீர்கள். அதை அத்தை தானாகவே பார்த்தாகிவிட்டது, நயன்தாரா வந்தபோதெல்லாம் கன்னத்தில் போட்டுக்கொண்டு.