செஸ் வீரர்களைப் பற்றி எழுதுகிறீர்களா? இந்தத் தவறுகளைத் தவிர்த்துவிடுங்கள்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு சிற்றிதழின் சிறுவர் பக்கத்துக்கு ஆனந்தைப் பற்றி எழுதினேன். ‘சர்வதேசப் பட்டம் பெற்ற முதல் இந்தியச் செஸ் வீரர்’ என்று முதல் வரியிலேயே போட்டுவிட்டேன். அடுத்த வாரம் ஓர் அஞ்சலட்டை வந்தது. ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருவர் பொடி எழுத்தில் கேட்டிருந்தார்: ‘மானுவேல் ஆரோனை எங்கே தொலைத்தீர்கள்?’

நியாயமான கேள்வி. 1961இல் இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டம் பெற்றவர் ஆரோன். மறு ஆண்டு, உலகப் பட்டத்துக்கான தகுதிச் சுற்றான ஸ்டாக்ஹோம் இன்டர்சோனல் போட்டியில் ஹங்கேரியின் போர்ட்டிஷையும் கிழக்கு ஜெர்மனியின் உல்மனையும் தோற்கடித்தவர். தேசியப் பட்டத்தை 9 முறை வென்றவர். ஆனந்த் 1988இல் பெற்றது அதற்கும் மேலான கிராண்ட்மாஸ்டர் பட்டம். ‘முதல் கிராண்ட்மாஸ்டர்’ என்று எழுதியிருந்தால் தபால்காரருக்கு அஞ்சலட்டைச் செலவு மிச்சமாகியிருக்கும்.

அன்றிலிருந்து ‘முதல்’, ‘மிக இளைய’, ‘ஒரே’ ஆகிய சொற்களைக் கண்டாலே என் பேனா நின்றுவிடுகிறது. இவற்றுக்கு முன்னால் எப்போதும் ஓர் அடைமொழி இருக்கும். தலைப்பில் இடம் போதவில்லை என்று அதைத்தான் முதலில் வெட்டுவார்கள்.

குகேஷையே எடுத்துக்கொள்ளுங்கள். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் அப்போதைய உலக சாம்பியனான சீனாவின் டிங் லிரெனை வென்றபோது அவருக்கு 18 வயது 6 மாதம். 1985இல் காஸ்பரோவ் 22 வயதில் படைத்த சாதனை முறிந்தது. ‘உலக சாம்பியன்களில் மிக இளையவர்’ என்று எல்லாரும் எழுதினோம். ஆனால் 2002 ஜனவரியில் உக்ரைனின் ருஸ்லான் பொனமாரியோவ், சர்வதேசச் செஸ் கூட்டமைப்பான ஃபிடேயின் உலகப் பட்டத்தை வென்றபோது அவருக்கு 18 வயது 3 மாதம்தான். யார் இளையவர்?

பதில் 1993இல் இருக்கிறது. அந்த ஆண்டு காஸ்பரோவும் இங்கிலாந்தின் நைஜல் ஷார்ட்டும் ஃபிடேயை விட்டு விலகித் தனியாக உலகப் பட்டப் போட்டி ஆடினார்கள். 2006இல் ரஷ்யாவின் எலிஸ்தா நகரில் இரு தரப்புச் சாம்பியன்களான கிராம்னிக்கும் டோபலோவும் மோதித் தீர்க்கும் வரை 13 ஆண்டுகள் உலகில் இரண்டு பட்டங்கள் இருந்தன. பொனமாரியோவ் வென்றது அவற்றில் ஒன்று. ஆகவே குகேஷ் ‘பிளவுபடாத உலகப் பட்டத்தை’ வென்றவர்களில் மிக இளையவர். இந்த அடைமொழி அவர் புகழைக் குறைப்பதில்லை. விட்டுவிட்டால்தான் யாராவது ஒருவர் பொனமாரியோவ் பெயரைச் சொல்லி மொத்தத்தையும் சந்தேகத்துக்கு உள்ளாக்குவார்.

ஆனந்தின் 5 பட்டங்களும் ஒரே மாதிரியானவை அல்ல. 2000இல் டெஹ்ரானில் ஷிரோவை வென்றது அந்தப் பிளவுக் காலத்து ஃபிடே பட்டம், நாக் அவுட் முறையில். 2007இல் மெக்சிகோ நகரில் கிடைத்தது 8 பேர் ஆடிய தொடரில். 2008இல் பான் நகரில் கிராம்னிக், 2010இல் சோபியாவில் டோபலோவ், 2012இல் மாஸ்கோவில் கெல்ஃபாண்ட் ஆகியோரைத்தான் நேருக்கு நேர் ஆடி வென்றார். ‘5 முறை சாம்பியன்’ என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டால், நாக் அவுட், தொடர், நேரடி மோதல் ஆகிய மூன்று முறைகளிலும் வென்றவர் என்ற அரிய செய்தி காணாமல் போகிறது.

பெண் வீரர்கள் விஷயத்தில் இந்த அலட்சியம் இன்னும் அதிகம். ‘மகளிர் கிராண்ட்மாஸ்டர்’ வேறு, ‘கிராண்ட்மாஸ்டர்’ வேறு. முன்னதற்கு 2300 ரேட்டிங் (ஆட்டத் திறனை அளக்கும் புள்ளி) போதும், பின்னதற்கு 2500 வேண்டும். இரண்டுக்கும் நார்ம்களும், அதாவது போட்டிகளில் பட்டத்துக்குரிய அளவு ஆடிக் காட்டிய தகுதிகளும், தேவை. சென்னையின் விஜயலட்சுமி சுப்பராமன் 2001இல் இந்தியாவின் முதல் மகளிர் கிராண்ட்மாஸ்டர் ஆனார். ஆண்களுக்கும் பெண்களுக்கும் பொதுவான கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை எட்டிய முதல் இந்தியப் பெண் கொனேரு ஹம்பி, 2002இல். இருவரையும் ‘முதல் பெண் கிராண்ட்மாஸ்டர்’ என்று எழுதி வாசகரைக் குழப்பிய கட்டுரைகளை நானே திருத்தியிருக்கிறேன்.

ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி இப்படிப்பட்ட ஒரு வரிக்காக நீதிமன்றம் வரை போனார். 1960களில் நடக்கும் ஒரு நெட்ஃபிளிக்ஸ் தொடரில், அவர் ஆண்களோடு ஆடியதே இல்லை என்று ஒரு வசனம் வந்தது. கதை நிகழும் 1968ஆம் ஆண்டுக்குள்ளேயே குறைந்தது 59 ஆண் வீரர்களை எதிர்கொண்டிருந்தேன் என்று சொல்லி, 2021இல் 50 லட்சம் டாலர் கேட்டு வழக்குத் தொடுத்தார். மறு ஆண்டு சமரசமாயிற்று. 1978இல் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற உலகின் முதல் பெண் அவர். அதே தொடர் அவரை ரஷ்யர் போலவும் காட்டியது என்பது அவருடைய இன்னொரு புகார். சோவியத் என்றால் ரஷ்யா என்று நினைப்பது நமக்கும் பழக்கம்தான். சோவியத்தின் உலக சாம்பியன்களில் டால் லாட்வியாவின் ரிகாக்காரர், பெட்ரோசியான் ஆர்மீனியர், காஸ்பரோவ் பிறந்தது அசர்பைஜானின் பாக்குவில்.

ரேட்டிங்கை வைத்து, அந்தக் காலத்து உலக சாம்பியன் கபபிளாங்காவையும் நம் காலத்துக் கார்ல்சனையும் ஒப்பிட வேண்டாம். ஃபிடேயின் முதல் அதிகாரபூர்வ எலோ பட்டியல், அதாவது ரேட்டிங் பட்டியல், வந்தது 1971இல். கபபிளாங்கா 1942இலேயே இறந்துவிட்டார். ‘உலகின் நம்பர் 1’ வேறு, ‘உலக சாம்பியன்’ வேறு என்பதையும் நினைவில் வையுங்கள். கார்ல்சன் பட்டத்தைத் தக்கவைக்க ஆடமாட்டேன் என்று 2022இல் ஒதுங்கிய பிறகும் ரேட்டிங் பட்டியலில் முதலிடத்திலேயே இருந்தார்.

அடுத்தது கதை ஆசை. ‘மேதை என்றால் பைத்தியம்’ என்பதற்கு அமெரிக்க வீரர்கள் ஃபிஷரும் மார்ஃபியும் கைவசம் இருக்கிறார்கள். 64 கட்டங்கள் கொண்ட பலகையில் வாழ்ந்தவர் 64 வயதில் இறந்தார் என்று ஃபிஷரைப் பற்றி முடிக்காதவர் யார்? தகவல் உண்மைதான், ஆனால் அதில் ஒன்றும் இல்லை. போட்வின்னிக் மின் பொறியாளர், யூவே கணித ஆசிரியர், ஸ்மிஸ்லோவ் ஓபரா பாடகராக முயன்றவர். சாம்பியன்களான இந்த மூவரும் அமைதியாக வாழ்ந்து முதுமையில் இறந்தார்கள். கதைக்கு உதவாததால் இவர்களை யாரும் எழுதுவதில்லை.

மீர் சுல்தான் கானுக்கு நேர்ந்தது இதைவிட மோசம். இன்றைய பாகிஸ்தானின் பஞ்சாபில் பிறந்தவர். நிலப்பிரபு ஒருவர் 1929இல் லண்டனுக்கு அழைத்துப் போனார். பிரிட்டிஷ் பட்டத்தை 1929, 1932, 1933 என 3 முறை வென்றார். இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸ் போட்டியில் கபபிளாங்காவைத் தோற்கடித்தார். பிறகு ஊர் திரும்பிவிட்டார். மேற்கத்திய எழுத்தாளர்கள் அவரை ‘எழுத்தறிவற்ற வேலைக்காரர்’ என்று தலைமுறை தலைமுறையாக வர்ணித்தார்கள். அவர் எழுதப் படிக்கத் தெரிந்தவர், நிலபுலன் உள்ள குடும்பத்தவர் என்று அவருடைய குடும்பத்தார் மறுத்திருக்கிறார்கள். ஏழை அடிமை வெள்ளைக்காரனை வென்றான் என்ற சித்திரத்தில் நமக்கும் ஒரு கிளர்ச்சி உண்டு என்பதால், நாமும் சரிபார்க்காமல் மொழிபெயர்த்துக்கொண்டோம். 2024இல் ஃபிடே அவருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் வழங்கியது. அங்கேயும் ‘கௌரவ’ என்ற அடைமொழி உண்டு.

கடைசியாக, முடிவை மட்டும் பார்த்து எழுதுவது. ‘டிங்கின் தவறால் குகேஷ் சாம்பியன்’ என்று ஒரு தலைப்பைப் பார்த்தேன். அந்த உலகப் பட்டப் போட்டியின் 14ஆவது ஆட்டத்தை, அதாவது கடைசி ஆட்டத்தை, பலகையில் வைத்து ஆடிப் பாருங்கள். குகேஷுக்குக் கறுப்புக் காய்கள். இருவரிடமும் ஆளுக்கொரு யானை, ஒரு பிஷப். குகேஷிடம் ஒரு சிப்பாய் கூடுதல். கணினியைக் கேட்டால் டிரா என்றுதான் சொல்லும். டிரா ஆகியிருந்தால் ஸ்கோர் 7-7. மறுநாள் விரைவு ஆட்டங்கள். மனிதர் அந்த நிலையில் உட்கார்ந்து நகர்த்திக்கொண்டே இருந்தார். 55ஆவது நகர்த்தலில் டிங் தன் யானையை எஃப்2 கட்டத்துக்கு நகர்த்தினார். அவருடைய பிஷப் மூலையில், ஏ8 கட்டத்தில் மாட்டிக்கொண்டிருந்தது. யானைகள் வெட்டுப்பட்டன. குகேஷ் தன் பிஷப்பை டி5இல் வைத்ததும் பிஷப்புகளும் வெட்டுப்பட்டே தீர வேண்டியதாயிற்று. மிஞ்சியது ராஜாக்களும் சிப்பாய்களும்தான், அதில் கூடுதல் சிப்பாய் போதும். 58ஆவது நகர்த்தலோடு டிங் விட்டுக்கொடுத்தார். குகேஷ் அழுதுகொண்டே, காய்களை ஒவ்வொன்றாக எடுத்துத் தொடக்கக் கட்டங்களில் அடுக்கி வைத்தார்.